பதினாறாம் நாளிலிருந்து தொண்ணூறு

ஓடைப்பட்டி,
3.2.2025

அன்பு மகள் ஹேமாவதிக்கு, சித்தப்பா வேல்பாண்டி எழுதுவது. இங்கு அனைவரும் சுகம். நாக்பூரில் நீயும் சுகமாக இருக்க வேண்டும். அங்கே குளிர் குறைந்ததா?

நன்கு யோசித்து எடுத்த ஒரு முடிவைத் தெரிவிக்கவே இந்தக் கடிதம். வரும் வாய்தா முதல், ஏழே முக்கால் பஸ்ஸில் நான் முன் வாசல் வழியாக ஏறுவதாக இருக்கிறேன்.

இதன் முக்கியத்துவம் நாக்பூரில் இருப்பவர்களுக்கு விளங்காது. 2011இல் உன் அப்பா என்மேல் வழக்குப் போட்டதிலிருந்து, உத்தமபாளையம் கோர்ட்டுக்குப் போகும் நாட்களில் முன் வாசல் அவருக்கு, பின் வாசல் எனக்கு என்று இருந்தது. யாரும் பேசி முடிவு செய்ததல்ல. நாங்கள்தான் பேசுவதே இல்லையே. ஆனால் வாதிக்கும் பிரதிவாதிக்கும் அந்த நேரத்துக்கு ஊரிலிருந்து ஒரே பஸ்தான். ஒருமுறை முன் வாசலில் கூட்டம் அதிகமாக இருந்தது. அண்ணன் அந்த பஸ்ஸையே விட்டுவிட்டு அடுத்ததில் வந்தார். அன்று வழக்கு ஒத்திவைக்கப்பட்டதால் அவருக்கு நஷ்டம் ஒன்றும் இல்லை.

இப்போது முன் வாசல் காலியாக இருக்கிறது.

இனி விஷயம். மேல்முறையீடு செய்தவர் இறந்துவிட்டால், அவர் இடத்தில் வாரிசுகளைச் சேர்க்கும்படி தொண்ணூறு நாளுக்குள் மனுப் போட வேண்டும். போடாவிட்டால் அப்பீல் தானாகவே அற்றுப்போகும். கோர்ட் யாரையும் கூப்பிட்டுச் சொல்லாது. அப்பீலோடு அதில் வாங்கிய இடைக்காலத் தடையும் போய்விடும். உங்கள் திராட்சைத் தோட்டத்திலிருந்து ரோட்டுக்கு வரும் எட்டடி வண்டிப்பாதை என் நிலத்தின் வழியாகப் போகிறது. அதை நான் அடைக்கக் கூடாது என்பதுதான் அந்தத் தடை. கீழ்க்கோர்ட்டில் ஜெயித்தவன் நான் என்பதையும் நினைவுபடுத்துகிறேன்.

அண்ணனுக்குக் கொள்ளி வைத்தவன் என்ற முறையில் அவர் இடத்தில் என்னையே சேர்க்க முடியுமா என்று என் வக்கீல் அழகுமலையிடம் கேட்டுப் பார்த்தேன். "ஒங்க மேல நீங்களே கேஸ் நடத்துவீகளாண்ணே?" என்றார். வாரிசு மதினியும் நீயும் மட்டும்தானாம்.

உடம்பைக் கவனித்துக்கொள்.

சித்தப்பா,
வேல்பாண்டி

(எதுவானாலும் பதிவுத் தபாலில்தான் என்று வழக்கின் முதல் நாளில் அழகுமலை சொன்னார். அடுத்த வீட்டில் இருந்த உன் அப்பாவுக்கும் அப்படியே அனுப்பிப் பழகிவிட்டது.)


நாக்பூர்,
14.2.2025

மதிப்பிற்குரிய சித்தப்பாவுக்கு, ஹேமாவதி. நான் நலம். சித்தியையும் விசாரித்ததாகச் சொல்லுங்கள்.

உங்கள் பதிவுத் தபாலை பேங்க் முகவரிக்கு அனுப்பியிருந்தீர்கள். எங்கள் மேனேஜர் கையெழுத்துப் போட்டு வாங்கிவிட்டு, யார் நோட்டீஸ் விட்டிருக்கிறார்கள் என்று கேட்டார். என் சித்தப்பா, நலம் விசாரித்திருக்கிறார் என்றேன். நம்பவில்லை.

எனக்கு இரண்டு கேள்விகள். அப்பீல் செத்தால் லாபம் உங்களுக்கு. அதைப் பிழைக்கவைக்கச் சொல்லி நீங்களே எழுதுகிறீர்கள். இதில் என்ன கண்ணி இருக்கிறது? இரண்டாவது, பாதையை அடைக்க உங்களுக்கு மனமில்லை என்றால் நீங்களே எழுதிக் கொடுத்துவிடலாமே. அதற்குக் கோர்ட் எதற்கு?

கோபமாகக் கேட்கவில்லை. ஓடைக்கரை வழியாகப் பெட்டிகளைத் தலைச்சுமையாகக் கொண்டுவர இந்தக் காலத்தில் ஆள் கிடையாது. பாதை போனால் அம்மாவுக்குத் தோட்டம் போன மாதிரிதான்.

ஒன்று சொல்ல வேண்டும். அன்று நீங்கள் மயானத்திலிருந்து மொட்டைத் தலையோடு திரும்பி வந்து வாசலில் நின்றபோது அப்படியே அப்பா மாதிரி இருந்தீர்கள். அதனால்தான் உங்களிடம் பேசாமல் உள்ளே போய்விட்டேன். வழக்குக்காக அல்ல.

வணக்கத்துடன்,
ஹேமாவதி


ஓடைப்பட்டி,
24.2.2025

அன்பு மகள் ஹேமாவதிக்கு, ஆசிகள். உன் சித்தி சுகம். உன் கடிதத்தை அவளே இரண்டு முறை படித்தாள். எனக்குச் சர்க்கரை இருநூற்றுப் பத்து. லோயர் கேம்ப் மின் நிலைய ஆபீஸில் முப்பது வருடம் கோப்புப் பார்த்தவனுக்கு இது பெரிய எண் அல்ல.

கண்ணி எதுவும் இல்லை. நான் இருக்கும்வரை பாதையை அடைக்க மாட்டேன். ஆனால் ஓசூரில் இருக்கும் என் மகன், உன் தம்பி சுரேஷ்கண்ணன் வேறு காலத்து ஆள். கீழ்க்கோர்ட் தீர்ப்பின் நகலை லாமினேஷன் செய்து வைத்திருக்கிறான். எனக்குப் பிறகு முதல் வேலையாகக் கம்பிவேலி போடுவான். அவன் கெட்டவன் அல்ல. தீர்ப்பைப் படித்து நம்பிவிட்டான், அவ்வளவுதான்.

உன் அப்பாவின் வக்கீல் கிருபாவதியிடமே போ. திறமைசாலி. குறுக்கு விசாரணையில் என்னைக் கூண்டில் இரண்டு மணி நேரம் நிற்க வைத்தவர். அவர் அன்று கேட்ட ஒரு கேள்வி இன்னும் நினைவிருக்கிறது. கால் வலியும் நினைவிருக்கிறது.

மழை இல்லை. திராட்சைக்கு அது நல்லது.

சித்தப்பா


நாக்பூர்,
10.3.2025

சித்தப்பாவுக்கு வணக்கம். நான் சுகம். சர்க்கரை இருநூற்றுப் பத்து என்பது எந்த ஆபீஸிலும் பெரிய எண்தான். மாத்திரையை விடாதீர்கள்.

கிருபாவதி மேடத்திடம் போனில் பேசினேன். வாரிசுச் சான்றிதழுக்கு விண்ணப்பித்தாயிற்று. சங்கதிகளை அம்மாவிடம் கேட்டு அவருடைய கிளார்க் மனுவைத் தயார் செய்வார். அம்மாதான் கையெழுத்துப் போடுவார்.

என் இரண்டாவது கேள்விக்கு நீங்கள் பதில் எழுதவில்லை. மறந்திருக்கலாம். நானே கொஞ்சம் உதவுகிறேன். அந்தப் பாதை தாத்தா காலத்திலேயே இருந்தது என்பார் அப்பா. தாத்தா காலத்தில் இல்லை என்று நீங்கள் கோர்ட்டில் சொன்னீர்கள். எனக்கு ஐந்து வயது இருக்கும்போது, அந்தப் பாதையில் மாட்டுவண்டியின் பின்னால் காலைத் தொங்கப் போட்டு வந்ததாக ஒரு ஞாபகம். தாத்தா கைத்தடியோடு முன்னால் நடந்து போனார். வண்டியை ஓட்டியவர் நீங்கள்.

ஐந்து வயது ஞாபகம் தப்பாகவும் இருக்கலாம்.

அன்புடன்,
ஹேமாவதி


ஓடைப்பட்டி,
20.3.2025

அன்பு மகளுக்கு, இங்கு சுகம். அங்கு சுகமா?

இந்த வருடம் கொடியில் செவட்டை நோய் குறைவு. போன செவ்வாய் வாய்தாவுக்குப் போனேன். அறிவித்தபடி முன் வாசலில் ஏறினேன். படி கொஞ்சம் உயரம். மூச்சு வாங்கியது. பஸ்ஸின் படியை இவ்வளவு உயரமாகக் கட்டுவது யாருடைய யோசனை என்று கண்டக்டரிடம் கேட்டேன். "நீங்க பின்னாடி ஏறுனப்பவும் இதே உசரந்தான் பெரியவரே" என்றார். அளந்து பார்க்க வேண்டும்.

மாட்டுவண்டி பற்றி எழுதியிருந்தாய். நம்மிடம் அப்போது இரண்டு மாடுகள் இருந்தன. ஒன்று வெள்ளை. மற்றபடி நினைவில் இல்லை.

சித்தப்பா


நாக்பூர்,
23.4.2025

சித்தப்பாவுக்கு ஹேமாவதியின் வணக்கம். நலமாக இருக்கிறீர்களா? ஒரு மாதமாக வேலை கழுத்துவரை. ஆண்டுக் கணக்கு முடிப்பு.

நல்ல செய்தி. நேற்று மனுவைத் தாக்கல் செய்துவிட்டார்கள். வாரிசுச் சான்றிதழ் வரத்தான் தாமதம். தொண்ணூறாம் நாள் இருபத்துநாலாம் தேதியாம், இரண்டு நாள் மிச்சம் வைத்தே போட்டுவிட்டோம் என்று கிளார்க் பெருமையாகச் சொன்னார். நீங்கள் அன்று எழுதியிருக்காவிட்டால் இது எங்கள் யாருக்கும் தெரிந்தே இருக்காது. எதிர்த்தரப்புக்கு நன்றி சொல்வது வழக்கமா என்று தெரியவில்லை. சொல்கிறேன்.

சித்திக்கு என் அன்பு.

ஹேமாவதி


ஓடைப்பட்டி,
28.4.2025

அன்பு மகள் ஹேமாவதிக்கு, ஆசிகள்.

உன் கடிதம் வருவதற்கு முன்பே அழகுமலை ஆபீஸில் எல்லோருக்கும் வடை வாங்கிக் கொடுத்துவிட்டார்கள். எனக்கும் ஒன்று கொடுத்தார்கள். காரணம் கேட்டேன்.

நான் கொள்ளி வைத்தது ஜனவரி ஒன்பதாம் தேதி. அன்றிலிருந்து தொண்ணூறாம் நாள் ஏப்ரல் ஒன்பது. உங்கள் மனுவில் அண்ணன் இறந்த தேதி ஜனவரி இருபத்துநாலு என்று இருக்கிறது. அது கருமாதி நாள். மனுவோடு இணைத்திருக்கும் இறப்புச் சான்றிதழிலோ ஒன்பது. கோர்ட் ஆபீஸில் இரண்டையும் பார்த்துவிட்டு மனுவைத் திருப்பிவிட்டார்கள். பதிமூன்று நாள் தாமதம். அப்பீல் அற்றுப்போய்விட்டது.

பதினாறாம் நாள் வரை இறக்காமல் இருப்பதற்குச் சட்டத்தில் இடம் இருக்கிறதா என்று தேடினேன். இல்லை.

ஆனால் வேறொன்று இருக்கிறது. அற்றுப்போனதை நீக்கக் கோரி அடுத்த அறுபது நாளுக்குள் மனுப் போடலாம். தாமதத்துக்குக் காரணம் சொல்ல வேண்டும். ஜூன் எட்டு வரை நாள் இருக்கிறது, அது ஞாயிறு. மே மாதம் கோர்ட் விடுமுறை. ஜூன் இரண்டாம் தேதி கதவு திறக்கும்போது கிருபாவதி வாசலில் நிற்க வேண்டும்.

சுரேஷ்கண்ணனுக்கு அழகுமலை போன் செய்துவிட்டார். இரண்டு கம்பிச்சுருள் வந்து பாதையின் முகப்பில் இறங்கியிருக்கிறது.

சித்தப்பா

(வடையைச் சாப்பிட்டுவிட்டேன். காரணம் பிறகுதான் தெரிந்தது.)


நாக்பூர்,
8.5.2025

சித்தப்பாவுக்கு.

எல்லோரும் நலம்தானே.

பேங்கில் வட்டிக்கு நாள் எண்ணியே சம்பளம் வாங்குகிறவள் நான். இதை மட்டும் எண்ணிப் பார்க்கவில்லை. அம்மாவிடம் போனில் கேட்டேன். "அந்தக் கிளார்க்குத் தம்பி, அவுக எப்பப் போனாகன்னு கேட்டுச்சு. பதினாறு கழிச்சுத்தான போனாக? அதுவரைக்கும் இங்கனதான இருந்தாக. காலையில காப்பி வச்சேன், மத்தியானம் எல போட்டேன். கருமாதி அன்னைக்குத்தான அனுப்பி வச்சோம்? அந்தத் தேதியச் சொன்னேன்" என்றார். சான்றிதழ் வருவதற்கு முன்பே கிளார்க் அதை டைப் அடித்துவிட்டார். அம்மா குரலில் ஒரு தப்பும் தெரியவில்லை. எனக்கும் திட்ட வாய் வரவில்லை.

உங்களைத்தான் கேட்க வேண்டும். தொண்ணூறு நாள் என்று எழுதியவர், எந்தத் தேதி என்று ஒரு வரி எழுதியிருக்கக் கூடாதா? தெரிந்தேதான் விட்டீர்களா? கம்பிச்சுருள் வந்து இறங்கிய பாதைக்குப் பக்கத்தில் அம்மா தனியாக இருக்கிறார்.

என் இரண்டாவது கேள்வி அப்படியே இருக்கிறது. மூன்றாம் முறையாகக் கேட்கிறேன். நீங்களே எழுதிக் கொடுத்தால் என்ன?

ஹேமாவதி


ஓடைப்பட்டி,
2.6.2025

அன்பு மகள் ஹேமாவதிக்கு, நலமே விழைகிறேன்.

உன் கடிதம் வந்தபோது நான் ஊரில் இல்லை. மதுரையில் ஒரு வேலை இருந்தது. முடிந்தது.

தேதியை எழுதாதது என் தவறு. நாம் எல்லோரும் அன்று ஒரே வாசலில்தான் நின்றோம், தேதி உனக்குத் தெரியும் என்று நினைத்துவிட்டேன்.

இரண்டாவது கேள்வி. 2016இல் கூண்டில் என்னை நிறுத்தி, "உங்கள் தகப்பனார் காலத்தில் அந்தப் பாதையில் வண்டி போனதா?" என்று கிருபாவதி கேட்டார். "போகவில்லை" என்றேன். தட்டச்சு செய்தார்கள். படித்துப் பார்த்துக் கையெழுத்துப் போட்டேன். அண்ணன் கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். அன்று சாயங்காலம் பஸ்ஸில் நாங்கள் இரண்டு பேர் மட்டும்தான். அப்போதும் அவர் முன் வாசலில் ஏறினார்.

பாதையை நானாக எழுதிக் கொடுத்தால் அன்று சொன்னது பொய் என்று ஆகிறது. மேல்கோர்ட் கொடுத்தால் நான் தோற்றேன் என்று மட்டும்தான் ஆகிறது. தோற்பது ஊரில் சகஜம். அதற்காகத்தான் ஆறு வருடமாக அப்பீலுக்கு ஒரு வாய்தா தவறாமல் போய் வந்தேன். ஜெயிப்பதற்கு யாரும் அவ்வளவு ஒழுங்காகப் போக மாட்டார்கள். அண்ணன் இறந்து, அதனாலேயே நான் ஜெயிப்பது என்பது என் கணக்கில் இல்லாத விஷயம்.

ஒரு குறிப்பு. வழக்கு நடக்கும்போது நான் இறந்தாலும் இதே தொண்ணூறு நாள்தான். என் வாரிசுகளைச் சேர்க்கும் மனுவையும் நீதான் போட வேண்டும். அப்போதாவது பதினாறாம் நாளிலிருந்து எண்ணாதே.

சித்தப்பா


ஓடைப்பட்டி,
27.6.2025

அன்பு மகள் ஹேமாவுக்கு அம்மா கஸ்தூரி எழுதிக்கிறது. நான் நல்லா இருக்கேன். நீ வேளைக்குச் சாப்புடு. போன்ல சொன்னா நீ ஊடால ஊடால கேள்வி கேப்ப, அதான் எழுதுறேன்.

நேத்து கோர்ட்டுக்குப் போனேன். ஏழே முக்கால் பஸ்ஸுக்கு முன் வாசலுக்குப் போனா அங்கன ஒஞ் சித்தப்பா நிக்கிறாக. நான் பின்னால போய் ஏறிக்கிட்டேன். ஆளு பாதியா இளைச்சுப் போயிருக்காக. கண்டக்டர்தான் சொன்னாரு, மதுரை ஆஸ்பத்திரியில பத்து நாள் கெடந்தாகளாம், நெஞ்சுல ஸ்டென்ட் வச்சுருக்காகளாம். அடுத்த வீட்டுல இருந்துக்கிட்டு எனக்குத் தெரியல பாத்தியா. ஏதோ கல்யாணத்துக்குப் போயிருக்காகன்னுல்ல நெனச்சேன்.

ஜட்ஜம்மா ரெண்டாந்தேதி போட்ட நம்ம மனுவப் படிச்சுட்டு, ஆட்சேபணை உண்டான்னு கேட்டாக. அழகுமலை வக்கீலு கத்தைப் பேப்பரோட எந்திரிச்சாரு. அதுக்குள்ள பின்னால இருந்து ஒஞ் சித்தப்பா, "இல்லம்மா, எனக்கு ஆட்சேபணை இல்ல"ங்குறாக. "வக்கீல் பேசுவார், நீங்க உக்காருங்க"ன்னாக ஜட்ஜம்மா. "வக்கீலுக்கு என்னம்மா தெரியும், கொள்ளி வச்சவன் நானு. தேதி ஒம்போதுதான். ஆனா பதினாறு வரைக்கும் எங்கண்ணன் வீட்டுலதான் இருந்தாக. எங்க மதினி சொன்னது பொய் இல்ல. பொய் சொன்னது நானு. எங்கய்யா காலத்துல அந்தப் பாதையில வண்டி போச்சு. நாந்தான் ஓட்டுனேன்"னாக.

ஜட்ஜம்மா கண்ணாடியக் கழட்டிட்டு, "இத எழுத்துல குடுப்பீங்களா?"ன்னு கேட்டாக. "பேனா இருக்கும்மா"ன்னு பையில இருந்து எடுத்துட்டாக. அழகுமலை வக்கீலு உக்காந்துட்டாரு. கிருபாவதியம்மா என் கையப் பிடிச்சுக்கிட்டாக. நம்ம மனுவ ஏத்துக்கிட்டாக, அப்பீலு பழையபடி வந்துருச்சு. அடுத்த வாய்தாவுக்கு ரெண்டு பேரும் சமாதானம் எழுதிக் குடுக்கணுமாம்.

திரும்பி வரையில பஸ்ஸுப் படியில காலத் தூக்கி வைக்க முடியாம நின்னாக. பதினாலு வருசமாச்சு பேசி. "மெதுவா ஏறுங்க தம்பி"ன்னேன். "படி உசரம் மதினி"ன்னாக. ரெண்டு பேரும் முன் வாசல்லயே ஏறுனோம்.

ஒடம்பப் பாத்துக்க.

அம்மா


நாக்பூர்,
7.7.2025

அன்புள்ள சித்தப்பாவுக்கு ஹேமாவதி.

எப்படி இருக்கிறீர்கள்? இந்தமுறை உண்மையான பதிலை எதிர்பார்க்கிறேன். 'மதுரையில் ஒரு வேலை இருந்தது' என்று எழுதியிருந்தீர்கள். ஆபீஸில் முப்பது வருடம் இப்படித்தான் கோப்பு எழுதினீர்களா?

சமரச மனுவின் வரைவைக் கிருபாவதி மேடம் அனுப்பியிருக்கிறார். எட்டடிப் பாதை, இரு குடும்பத்துக்கும் பொது, இனி வரும் வாரிசுகளையும் கட்டுப்படுத்தும் என்று இருக்கிறது. படித்துவிட்டு நெடுநேரம் பேங்கின் டிபாசிட் ரசீதுகளுக்கு நடுவில் வைத்திருந்தேன். அப்பா இருந்திருந்தால் அளவு நாடாவோடு வந்து எட்டடியைச் சரிபார்த்திருப்பார்.

தம்பி சுரேஷ்கண்ணன் என்ன சொல்கிறான்?

தீபாவளிக்கு வருகிறேன். இரண்டாவது மாட்டின் நிறம் என்ன?

மகள்,
ஹேமாவதி


ஓடைப்பட்டி,
12.8.2025

அன்பு மகள் ஹேமாவதிக்கு, ஆசிகள். நான் சுகம். இது உண்மையான பதில். டாக்டர் தினம் அரை மணி நேரம் நடக்கச் சொன்னார். பாதையில் நடக்கிறேன். இரண்டு நடை போய்வந்தால் அரை மணி நேரம் ஆகிறது.

ஐந்தாம் தேதி சமரச மனு பதிவாகி, அப்பீல் முடிந்தது. பத்து நிமிடம் ஆனது. சுரேஷ்கண்ணன் மூன்று நாள் என்னோடு பேசவில்லை. நான்காவது நாள் போன் செய்து, மாத்திரை போட்டேனா என்று கேட்டான். லாமினேஷன் செய்த நகலை என்ன செய்வது என்றும் கேட்டான். கம்பிச்சுருள் இரண்டையும் திராட்சைப் பந்தலுக்குக் கேட்டார் மதினி. கொடுத்துவிட்டேன்.

மாடுகளில் ஒன்று வெள்ளை, பெயர் செல்லையா. மற்றது சாம்பல் நிற மயிலை, பெயர் துரை. துரை இடது பக்கம் கட்டினால்தான் நடக்கும். பெயர் வைத்தது உன் அப்பா.

பதிவுத் தபாலை அடுத்த மாதம் முதல் ஸ்பீடு போஸ்ட்டோடு சேர்க்கிறார்களாம். எனக்கு அதனால் பாதிப்பு இல்லை. இந்தக் கடிதமே சாதாரணத் தபாலில்தான் வருகிறது.

இதுவரை உங்கள் தோட்டத்துக்குச் சின்ன லோடு ஆட்டோதான் போய் வந்தது. நேற்று மதினி எரு ஏற்றி டிராக்டரை டிரைலரோடு வரவழைத்தார். முகப்பில் திரும்ப எட்டடி போதவில்லை. ஒன்பதடி தேவைப்பட்டது. என் பந்தலின் கல்தூண்களில் ஐந்தைப் பிடுங்கி, ஓர் அடி உள்ளே தள்ளி நட்டிருக்கிறேன்.

சித்தப்பா